எலும்பில்லாத கல்வட்டம்

1

இந்தத் தீபாவளிக்கு எங்கள் வீட்டுக்குப் பங்கு வரவில்லை.

ஊரில் இருந்து இதை வாசிக்கிறவர்களுக்குப் பங்கு என்றால் என்னவென்று விளக்க வேண்டியதில்லை. சில வீடுகள் சேர்ந்து ஆடு பிடித்து, வெட்டி, கூறு போட்டு, தீபாவளிக்கு முதல்நாள் ஒவ்வொரு வீட்டுக்கும் அனுப்புவது. ஆனால் மொன்றியலில் அது எப்படி நடக்கிறது என்று உங்களுக்குத் தெரிந்திருக்காது.

எங்களுக்குப் பங்கு அனுப்புகிறவர் சிவம் மாமா. அப்பாவின் ஊர்க்காரர். பள்ளிக்கூடத்தில் அப்பாவோடு ஒரே வாங்கில் இருந்தவர். நாங்கள் வந்து இறங்கிய அன்று விமான நிலையத்தில் குளிர் அங்கிகளை அணைத்துத் தூக்கிக்கொண்டு நின்றவர். எனக்கு அப்போது பதினொரு வயது. தம்பி அம்மாவின் இடுப்பில் இருந்தான்.

ஒவ்வொரு ஐப்பசியும் சிவம் மாமா நகரத்துக்கு வெளியே ஒரு பண்ணைக்குப் போவார். ஆட்டைத் தெரிந்தெடுப்பது அவர். வெட்டுவது அனுமதியுள்ள கொல்களத்தில், கையுறை போட்ட ஒரு கெபெக் மாகாணத்துக்காரன். அவன் வருடாவருடம் அதே கேள்வியைக் கேட்பான்: தொடை யாருக்கு, விலா யாருக்கு, எப்படி வெட்டித் தர? சிவம் மாமாவும் பாதி பிரெஞ்சிலும் பாதி கையாலும் அதே பதிலைச் சொல்வார்: ஒன்றும் வெட்டாதே, முழுதாகத் தா. ஒருவருக்குத் தொடையும் இன்னொருவருக்கு விலாவும் கொடுத்தால் அது வியாபாரம், பங்கு இல்லை. அந்த மனிதன் தலையை ஆட்டிக்கொண்டு முழு ஆட்டைத் தூக்கித் தருவான்.

பிறகு நகரின் ஓரத்தில், லாசாலில் மாமாவின் கராஜ். நீலத் தார்ப்பாய் விரித்து, எல்லாக் கூறிலும் எல்லாம் வரும்படி போடுவார்கள். தொடையில் கொஞ்சம், விலாவில் கொஞ்சம், ஈரலில் விரலளவு, குடல், கொழுப்பு, எலும்பு. போட்டு முடிந்ததும் ஒருவர் முதுகைக் காட்டி நிற்க, இன்னொருவர் ஒரு கூறைத் தொட்டு "இது ஆருக்கு?" என்று கேட்பார். திரும்பிப் பாராமல் ஒரு வீட்டின் பெயரைச் சொல்ல வேண்டும். பெரிய கூறு, சின்னக் கூறு என்று பிறகு ஒருவரும் வாய் திறக்க முடியாது. பல வருடம் அந்த முதுகு என்னுடையதுதான். ஒருமுறை எங்கள் வீட்டுப் பெயருக்குக் கொஞ்சம் கொழுத்த கூறு விழுந்துவிட்டது. "கள்ளி, கராஜ் கண்ணாடியில பாத்திட்டாள்" என்று மாமா சொல்லிச் சொல்லிச் சிரித்தார்.

இந்த முறை நான் போகவில்லை. பல்கலைக்கழகத்தில் வேலை. வீட்டுக்கு வந்தபோது அம்மா சரக்குத்தூள் வறுத்து, வெங்காயம் உரித்து, பெரிய சட்டியைக் கழுவிக் கவிழ்த்து வைத்திருந்தார். செயின்ட்-மிஷேலில் எங்கள் வீடு மூன்றாம் மாடி. அப்பா யன்னலடியில் நின்று மாமாவின் வான் வண்டி வருகிறதா என்று பார்த்துக்கொண்டிருந்தார்.

"ரோட்டில சனம் கூடவாக்கும்" என்றார்.

பிறகு, "பனி போல கிடக்கு" என்றார். பனி ஒன்றும் இல்லை.

தீபாவளியன்று மத்தியானம் முட்டைக் குழம்பு சாப்பிட்டோம். தம்பி கிருஷான் தட்டைப் பார்த்துவிட்டு, "பூட்டீன் ஓடர் பண்ணுவமா?" என்று கேட்டான். பொரித்த உருளைக்கிழங்குக்கு மேல் சீஸும் குழம்பும் ஊற்றின இந்த ஊர்ச் சாப்பாடு அது. அப்பா அவனைப் பார்த்த பார்வையில் அவன் முட்டையை இரண்டு வாயில் விழுங்கிவிட்டான்.

2

என் வேலை என்னவென்று சொன்னால் நீங்கள் சிரிப்பீர்கள். நான் எலும்பு பொருத்துகிறேன்.

இந்த மாகாணத்தின் வடக்கே, மரம் முளைப்பதும் நின்றுபோகும் இடத்தில், ஒரு ஆறு இருக்கிறது. கரிபூ என்று ஒரு மான் இனம், கூட்டம் கூட்டமாக இலையுதிர் காலத்தில் அந்த ஆற்றை நீந்திக் கடக்கும். எழுத்து அங்கே போய்ச் சேர்வதற்கு வெகு காலம் முன்பு, இன்றைய இனுயிட் மக்களின் மூதாதையர் அந்தக் கடவையில் வந்து காத்திருந்தார்கள். மேட்டில் கல்லின்மேல் கல் அடுக்கி, தூரத்தில் இருந்து பார்த்தால் ஆள் நிற்பதுபோல் வரிசையாக வைத்தார்கள். மந்தை அந்தக் கல்மனிதர்களுக்குப் பயந்து ஒதுங்கி, ஒதுங்கி, அவர்கள் விரும்பிய இடத்தில் தண்ணீரில் இறங்கும். தண்ணீருக்குள் மான் ஓட முடியாதே! தோல் படகில் காத்திருந்தவர்கள் ஈட்டியால் குத்துவார்கள்.

எனக்கு இதைச் சொல்லத் தொடங்கினால் நிறுத்த வராது. அம்மா இப்போதெல்லாம் நான் வாய் திறக்கும்போதே குக்கரை அடுப்பில் வைத்துவிடுவார், விசில் சத்தத்தில் என் சத்தம் கேட்காது என்று.

கரையில் அவர்களுடைய கூடாரங்கள் இருந்த இடங்களில் கல்வட்டங்கள் இருக்கின்றன. தோல் கூடாரத்தின் ஓரம் காற்றில் எழும்பாமல் இருக்க வைத்த கற்கள். கூடாரம் போய்விட்டது, கல் அப்படியே இருக்கிறது. ஒவ்வொரு வட்டத்திலும் கிடைத்த எலும்புகள் தனித்தனிப் பெட்டியில் எங்கள் ஆய்வுகூடத்துக்கு வந்தன. ஒரு வட்டத்தின் பெட்டியில் ஒரு மானின் இடது முன்னங்கால் எலும்பு இருக்கும். அதன் சோடி, வலது எலும்பு, அடுத்த வட்டத்தின் பெட்டியில் இருக்கும். அளவு பார்த்து, தசை பிடித்த தழும்பு பார்த்து, இரண்டும் ஒரே மான்தான் என்று கண்டுபிடித்தால், அந்த இரண்டு கூடாரமும் அந்த மானைப் பகிர்ந்தன என்று ஆகிறது.

முதல் சோடி பொருந்திய அன்று நான் கத்திவிட்டேன். எனக்குத் தெரிந்த காரியம் இது! நீலத் தார்ப்பாய் மட்டும்தான் இல்லை.

ஆனால் ஒரு வட்டத்தில் எலும்பே இல்லை. அடுப்புக் கரி இருக்கிறது, விளக்கெரித்த கொழுப்பின் கறை ஊறிய கல் இருக்கிறது, ஒடிந்த கல்கத்தி ஒன்றின் பாதி இருக்கிறது. அந்தக் கத்தியின் மறுபாதி பக்கத்து வட்டத்தில் கிடைத்தது. ஆகவே எல்லோரும் ஒரே காலத்தில்தான் அங்கே இருந்திருக்கிறார்கள். மற்ற எல்லா வட்டத்திலும் மான் எலும்பு குவிந்து கிடக்க, இதில் மட்டும் ஒரு துண்டும் இல்லை.

தீபாவளி முடிந்த அடுத்த நாள் நான் என் அறிக்கையின் வரைவில் எழுதினேன்: இந்தக் குடும்பத்தைப் பங்கில் சேர்க்கவில்லை. இவர்கள் ஒதுக்கப்பட்டவர்கள்.

என்னை மேற்பார்வை செய்கிறவர் மரி-க்ளோட். நரைத்த கட்டைத் தலைமயிர், எப்போதும் ஒரே பச்சைக் கம்பளிச் சட்டை. அவர் அந்த வரியில் விரலை வைத்தார்.

"இது உனக்கு எப்படித் தெரியும்?" என்று பிரெஞ்சில் கேட்டார்.

"எலும்பு இல்லையே."

"நாய் தின்றிருக்கலாம். கூட்டித் தண்ணீரில் போட்டிருக்கலாம். மந்தை வருமுன்பே அவர்கள் கிளம்பியிருக்கலாம்." பிறகு அவருக்குப் பிடித்தமான வார்த்தையைச் சொன்னார்: "ஒன் ல சே பா." எங்களுக்குத் தெரியாது என்று அர்த்தம். இந்த மனுசி ஒரு நாளைக்கு இதைச் சொல்கிற அளவுக்கு நான் வணக்கம் சொல்வதில்லை.

நான் அந்த வரியை அழிக்கவில்லை. எனக்குத் தெரியும் என்றே தோன்றியது.

3

வீட்டில் யாரும் பங்கைப் பற்றிப் பேசவில்லை. பேசாமல் இருந்ததால் அது எங்கும் இருந்தது.

தீபாவளிக்கு முதல்நாள் பின்னேரம் அப்பா பாண் சுடுகிற தொழிற்சாலையில் பின்னேர வேலைக்குப் போகாமல் விடுப்பு எடுத்திருந்தார். அன்று மாமா அழைத்ததை அவர் கவனிக்கவில்லை. போன் குளிர் அங்கியின் பையில் கிடந்தது. தீபாவளிக்குப் பிறகு மாமா இன்னொரு முறை அழைத்தார். அப்பா பெயரைப் பார்த்துவிட்டு மேசையில் கவிழ்த்து வைத்தார்.

"எடுங்கோவன்" என்றார் அம்மா.

"எடுத்து? இறைச்சி எங்கையெண்டு கேக்கச் சொல்லுறியோ? என்னால ஏலாது. விருப்பமில்லையெண்டால் விடட்டும்."

"அந்தாள் அப்பிடிச் செய்யிற ஆள் இல்லை."

"அப்ப ஆர் செய்தது? ஆடு தானா ஓடிப் போட்டுதோ?"

நான் காரணம் தேடத் தொடங்கினேன். அது எனக்குப் படிப்பித்த தொழில். நான் கராஜுக்குப் போகாததாலா? போன மாதம் மாமாவின் பேத்தியின் பிறந்தநாளுக்கு நாங்கள் நேரம் பிந்திப் போனதாலா? பெரியப்பா விஷயமா?

பெரியப்பா அப்பாவின் ஒரே அண்ணன். ஊரில் இருந்தவர். அவருடைய மகள் துஷி அக்காவின் கலியாணத்துக்கு அழைப்பிதழின் படத்தை ஊர்க்காரரின் வாட்ஸ்அப் குழுவில் போட்டுவிட்டார்கள். அப்பாவுக்குத் தனியாக ஒரு போன் வரவில்லை. "கூடப் பிறந்தவனுக்கும் குறூப்பிலையோ சொல்லுறது?" என்று அப்பா அன்றே குழுவை விட்டு வெளியேறினார். எங்கள் வீட்டில் அந்தக் குழுவில் இருந்தது அவர் மட்டும்தான். அதன்பிறகு அண்ணனும் தம்பியும் ஒரு வார்த்தை கதைக்கவில்லை. பெரியப்பாவின் வீட்டுக்கும் எங்களுக்கும் இருந்த ஒரே கம்பி, துஷி அக்காவும் தம்பியும் இன்ஸ்டாகிராமில் ஒருவரையொருவர் பின்தொடர்வது. அதிலும் அவன் போடுவது பனிச்சறுக்குப் பலகைப் படம் மட்டும்.

அந்தக் கலியாணச் சண்டையில் மாமா அண்ணனின் பக்கம் என்று அப்பாவுக்கு ஒரு சந்தேகம் எப்போதும் உண்டு. அது இப்போது பெரிதாகியது.

கந்தசட்டி தொடங்கியது. அம்மா விரதம். கோயிலுக்குப் போய்விட்டு வந்தவர் சேலையை மாற்றாமல் கதிரையில் இருந்தார்.

"என்னம்மா?"

"நான் போய் இருக்க, மற்றவை எழும்பித் தள்ளி இருக்கினம்."

"ஆர்?"

"எல்லாம் தெரிஞ்ச முகங்கள்தான். சிவத்தின்ர மனுசியும். என்னைக் கண்டிட்டு, காணாத மாதிரித் திரும்பினவ." அம்மா கையை விரித்தார். "நாங்கள் என்ன பிள்ளை செய்தனாங்கள்?"

பக்கத்து அறையில் இருந்து தம்பி பிரெஞ்சில் யாரோடோ விளையாடிக் கத்துகிற சத்தம். அவனுக்கு இது எதுவும் தெரியாது. "கிருஷான்" என்று கூப்பிட்டால் "குவா?" என்கிறான். என்ன என்பதைக்கூட இந்த வீட்டில் இருந்துகொண்டே அவன் வேறு வீட்டு மொழியில் கேட்கிறான். ஆனால் அவனும் பாவம். பத்து மாதக் குழந்தையாய் வந்தவன். ஊர் என்றால் அவனுக்கு அம்மாவின் போனில் வருகிற மங்கலான முகங்கள்.

பங்கு இல்லை. கோயிலில் இடம் இல்லை. என் கணக்கில் சான்று கூடிக்கொண்டே போனது.

4

இதற்கிடையில் எலும்புகளைத் திருப்பி அனுப்பச் சொல்லிக் கடிதம் வந்தது. அவை வடக்கே உள்ள மக்களுக்குச் சொந்தம், எங்களிடம் இருப்பது இரவல். அது நியாயம்தான். ஆனால் நான் இன்னும் முடிக்கவில்லை. தவணை நீடிக்கக் கேட்டு ஓர் அலுவலகத்துக்குப் போன் எடுத்தேன். அவசரத்தில், பிரெஞ்சில், "எங்களுடைய எலும்புகளை இன்னும் கொஞ்ச நாள் வைத்திருக்கலாமா?" என்று கேட்டுவிட்டேன். மறுமுனையில் அந்தப் பெண் குரலைத் தாழ்த்தி, தன் ஆழ்ந்த அனுதாபத்தைத் தெரிவித்து, என்னை மயானங்களைப் பார்க்கிற பிரிவுக்கு மாற்றிவிட்டாள். அங்கே இசை போட்டார்கள். திரும்ப முதலில் இருந்து சொல்லவேண்டியதாயிற்று.

மரி-க்ளோட்டிடம் சொன்னபோது கண்ணீர் வரச் சிரித்தார். பிறகு, சில இலையுதிர் காலங்களில் மந்தை அந்தக் கடவைக்கு வருவதே இல்லை என்றார். பாதையை மாற்றிவிடும். ஏன் என்று இன்றைக்கும் சரியாகத் தெரியாது. கல்மனிதர்களை அடுக்கி, கத்தியைத் தீட்டி, சட்டியைக் கழுவி வைத்துக்கொண்டு ஆற்றங்கரையில் காத்திருக்கிற மக்கள்.

சட்டியைக் கழுவி என்று அவர் சொல்லவில்லை. அது நான் சேர்த்தது.

அன்று பின்னேரம் முடிவு செய்தேன். செத்துப்போனவர்களைத்தான் கேட்க முடியாது. சிவம் மாமா லாசாலில் உயிரோடு இருக்கிறாரே, கேட்டால் என்ன?

5

சூரன்போர் முடிந்து, விரதக்காரர் பாறணை செய்து விரதத்தை முடித்த அடுத்த சனிக்கிழமை போனேன். அப்பாவுக்குச் சொல்லவில்லை. நீலத் தட மெட்ரோவில் ஏறி, இரண்டு முறை மாறி, பச்சைத் தடத்தின் கடைசி நிலையத்தில் இறங்கி, பஸ். வழியெல்லாம் என்ன கேட்பது என்று ஒத்திகை பார்த்தேன். "ஏன் மாமா எங்களை விட்டிட்டியள்?" இது அழுகிற மாதிரி இருக்கிறது. "பங்கு எங்கை மாமா?" இது சண்டை.

சிவம் மாமா கதவைத் திறந்தார். உள்ளே வா என்று சொல்லவில்லை. கதவைப் பிடித்தபடி வாசலிலேயே நின்றார். இந்த வீட்டில் எனக்கு அப்படி ஒருநாளும் நடந்ததில்லை.

"என்ன பிள்ளை, தனியவோ?"

"ஓம் மாமா."

"அப்பா எப்பிடி?"

"கோபத்தில இருக்கிறார்."

"கோபமோ?" மாமாவின் முகம் மாறியது. "இப்பவும் கோபமோ? மனுசன் போய்ச் சேர்ந்த பிறகும் ஒருத்தன் கோபத்தை வைச்சுக்கொண்டு இருப்பானோ? உன்ர கொப்பனுக்கு நெஞ்சு என்ன கல்லோ?"

"ஆர் மாமா போய்ச் சேர்ந்தது?"

அவர் என்னைப் பார்த்தார். உள்ளே இருந்து மாமி அகப்பையோடு வந்து அவருடைய தோளுக்கு மேலால் எட்டிப் பார்த்தார். மாமிதான் முதலில் விளங்கிக்கொண்டார்.

"ஐயோ, என்னப்பா, இதுகளுக்குத் தெரியாது!"

பெரியப்பா தீபாவளிக்கு இரண்டு நாள் முன்பு இறந்துவிட்டார். நித்திரையில்.

"கூறு போட்டு முடிய, கையைக் கழுவிப்போட்டுப் போனை எடுத்தால் குறூப்பில மரண அறிவித்தல்" என்றார் மாமா. வாசல்படியில் இருந்துவிட்டார். "பாத்தன். உன்ர அப்பான்ர பேரும் கிடந்தது. நடராசா, கனடா, அவர்களின் அன்புச் சகோதரரும் எண்டு. பேர் போட்டவை சொல்லாமல் விடுவினமோ? சாவுத் துடக்குக் கிடக்கிற வீட்டுக்கு இறைச்சி கொண்டு வாறதோ? அதுதான் வரேல்லை. அடிச்சனான், எடுக்கேல்லை. சரி, அழுகிறான், விடுவம் எண்டு இருந்தன். தீபாவளி முடிய எனக்கும் விரதம் தொடங்கீட்டுது. விரதத்தோட செத்த வீட்டுக்கு வர ஏலாது. பாறணை முடிய வருவம் எண்டு இருக்க…"

மாமி தொடர்ந்தார். "உன்ர அம்மாவைக் கோயிலில கண்டன் பிள்ளை. துடக்கோட வந்து முன்னுக்கு இருக்கிறா. எனக்கு நெஞ்சு பத்தீட்டுது. செத்ததை ஒரு சாவாவே எடுக்கேல்லையோ எண்டு நினைச்சன். முகத்தைத் திருப்பினனான். ஓம், திருப்பினனான்."

"நானும் நினைச்சன், இவன் அண்ணனை அண்ணன் எண்டே எண்ணேல்லையாக்கும் எண்டு" என்றார் மாமா. "ரெண்டாந்தரம் எடுத்தும் எடுக்கேல்லை. பேந்து எனக்கும் ரோசம் வந்திட்டுது."

என் சான்று எல்லாமே சரியாகத்தான் இருந்தது. ஒவ்வொன்றும் உண்மையாக நடந்தது. சேர்த்துப் பார்த்ததுதான் பிழை.

மாமா எழுந்து கராஜைத் திறந்து, பெட்டி ஃபிரீசரின் மூடியைத் தூக்கினார். அடியில், இறாலுக்கும் ரொட்டிக்கும் கீழே, உறைபனி பிடித்த ஒரு பை. மேலே ஒட்டிய நாடாவில் மாமாவின் கோணல் எழுத்தில் "நடா".

"உங்கட கூறு. துடக்கு முடியத் தருவம் எண்டு வைச்சனான். பின்னை, விடுறதோ?"

6

வீட்டுக்கு வந்தபோது அப்பா வேலைக்குப் போக வெளிக்கிட்டு, மேசையில் பாணும் சம்பலும் சாப்பிட்டுக்கொண்டிருந்தார். நான் எப்படிச் சொல்வது என்று யோசிக்கவே இல்லை. நேராகச் சொல்லிவிட்டேன்.

அப்பா வாயில் இருந்ததை விழுங்கினார்.

"ஆர் சொன்னது?"

"சிவம் மாமா."

"எப்ப?"

சொன்னேன். கையைத் தட்டிலேயே கழுவிவிட்டு எழும்பிக் குளியலறைக்குப் போனார். தலையில் தண்ணீர் விழுகிற சத்தம் கேட்டது. வெகு நேரம் கேட்டது. அம்மா சுவாமி அறைக் கதவைச் சாத்திவிட்டு, "முருகா, தெரியாமல் வந்திட்டன்" என்று அழத் தொடங்கினார். அழுதது பெரியப்பாவுக்கா, கோயிலுக்கா, எனக்குத் தெரியாது.

சத்தம் கேட்டுத் தம்பி வெளியே வந்தான். நான் அவனுக்குப் பிரெஞ்சில் சொன்னேன். அவன் முகம் மெல்ல வெளுத்தது. போனை எடுத்து எதையோ தேடி என்னிடம் நீட்டினான்.

"அக்கா… இவரோ?"

துஷி அக்கா அனுப்பியிருந்தார். பெரியப்பாவின் படம், சுற்றிப் பூ, கீழே ஒரு விளக்கு, அதன் கீழே முழுக்கத் தமிழ். கூடவே ஒரு வரி: "தம்பி, அப்பா போயிட்டார். சித்தப்பான்ர நம்பர் இல்லை. சொல்லிவிடும்." அதன்மேல் தம்பி ஒரு சிவப்பு இதயம் குத்தியிருந்தான். அதற்குத் துஷி அக்கா பதில் போட்டிருந்தார்: "நன்றி தம்பி."

"பேர்த்டே எண்டு நினைச்சன்" என்றான். "பூ இருந்துது. லைட் இருந்துது. எனக்கு வாசிக்கத் தெரியாது, அக்கா." அவனுடைய தமிழ் அவ்வளவு நீளமாக வந்து நான் கேட்டதில்லை.

அப்பா ஈரத் தலையோடு பின்னால் நின்றார். போனை வாங்கி, கையை நீட்டி எட்டப் பிடித்து வாசித்தார். அறிவித்தலை மெல்ல மேலே தள்ளி, ஓரிடத்தில் நிறுத்தினார்.

"என்ர பேர் போட்டிருக்கினம்" என்றார்.

பிறகு அந்த இதயத்தைப் பார்த்தார். தம்பி அடி விழும் என்று நின்றான்.

"இதை எடுக்கேலுமோ?"

"எடுக்கலாம் அப்பா. ஆனா… அவைக்குத் தெரியும், எடுத்தது."

அப்பா போனைத் திருப்பிக் கொடுத்தார். "அப்ப கிடக்கட்டும்."

பெரியம்மாவின் நம்பரைத் தம்பியே கேட்டு எடுத்தான். ஊரில் விடியும்வரை அப்பா கதிரையில் இருந்தார், வேலைக்குப் போகவில்லை. அழைத்தபோது சத்தம் வெளியே கேட்கும்படிதான் போன் இருந்தது. பெரியம்மாவின் குரல் அழுது தேய்ந்திருந்தது.

"தம்பி, நாங்கள் அறிவிச்சனாங்கள்தானே. உங்கட பெடியன் உடன பதிலும் போட்டவன். சொல்லியிருப்பான் எண்டுதான் இருந்தனாங்கள். நீங்கள் ஒரு போன் எடுப்பியள் எண்டு நாங்கள் பாத்துக்கொண்டே…"

நான் தம்பியைப் பார்த்தேன். அவன் கதவு நிலையைப் பிடித்துக்கொண்டு நின்றான்.

"ஓம் அண்ணி" என்றார் அப்பா. "அவன் அண்டைக்கே சொன்னவன். நான்தான் எடுக்கேல்லை."

இதை எழுதும்போதும் எனக்கு விளங்கவில்லை. இனி ஊரில் அப்பாவைப் பற்றிக் கதைக்கும்போதெல்லாம், அண்ணன் செத்தது தெரிந்தும் போன் எடுக்காதவன் என்றுதான் கதைப்பார்கள். வாட்ஸ்அப் குழுவில் அழைப்பிதழ் போட்டதற்கு வருடக்கணக்காக முகம் திருப்பிய மனிதர், இதை மட்டும் எப்படி ஒரு வாக்கியத்தில் வாங்கித் தன் தலையில் போட்டுக்கொண்டார்? தம்பிக்காகவா? அண்ணன் மகளின் கலியாணத்துக்குக் குழுவில் மட்டும் கூப்பிட்டதும் இப்படி ஒரு கைத்தவறாய் இருந்திருக்கலாம் என்று தோன்றியதாலா? கேட்டேன். "போய்ப் படி" என்றார்.

7

கேட்ட நாளில் இருந்து மிச்சத் துடக்கைக் காத்தோம். சிவம் மாமா வந்து அப்பாவோடு நிலத்தில் இருந்தார். இரண்டு பேரும் அதிகம் கதைக்கவில்லை. "விசரா, போனை எடுத்திருக்கலாமே" என்று மாமா ஒருமுறை சொன்னார். "வாசலில வந்து தட்டியிருக்கலாமே" என்றார் அப்பா. அவ்வளவுதான்.

நான் மரி-க்ளோட்டிடம் ஓடினேன். மூச்சுவிடாமல் எல்லாவற்றையும் சொன்னேன். வெறும் வட்டத்தில் இருந்தவர்கள் ஒதுக்கப்பட்டவர்கள் இல்லை, துக்கத்தில் இருந்தவர்கள்! அந்த இலையுதிர் காலத்தில் அந்தக் கூடாரத்தில் ஒருவர் இறந்திருக்கிறார், மற்றவர்கள் மரியாதைக்காக இறைச்சி கொடுக்கவில்லை!

அவர் நான் முடிக்கும்வரை கேட்டார். முதலில் அப்பாவுக்கு வருத்தம் தெரிவித்தார். பிறகு சொன்னார்: "அந்த மக்களுக்கும் சாவு நடந்தால் விலக்குகள் இருந்தன, உண்மை. ஆனால் அன்றைக்கு உன் வீட்டுக் கோபத்தை அந்த வட்டத்துக்குள் வைத்தாய். இன்றைக்கு உன் வீட்டுச் சாவை வைக்கிறாய். அவர்களுக்கு என்று ஏதாவது மிச்சம் விடு."

எனக்குக் கோபம் வந்தது. மெட்ரோவில் வரும்போது கோபம் போய், குழப்பம் மட்டும் இருந்தது. வரைவில் இரண்டு வரியையும் அழித்துவிட்டு, எலும்பு இல்லை, காரணம் தெரியாது என்று எழுதினேன். எழுதிவிட்டு அது சரியா என்றும் தெரியவில்லை. பக்கத்து வட்டத்தில் ஒரு பங்கு எடுத்து வைக்கப்பட்டிருந்ததா? பனிக்குக் கீழே, கல்லுக்கு அடியில், அவர்களுடைய பெயரில்?

துடக்குக் கழிக்கும் அந்தியேட்டி முடிந்தபின் மாமா பையைக் கொண்டுவந்தார். அதற்குள் உண்மையாகவே பனி விழுந்து கிடந்தது. அப்பா உடனே சமைக்க விடவில்லை. பெரியம்மாவுக்குப் போன் எடுத்து, அங்கே இறைச்சி சமைத்தாயிற்றா என்று கேட்டார். சமைத்தாயிற்று என்று கேட்ட பிறகுதான் அம்மா சட்டியை அடுப்பில் வைத்தார். தம்பி பூட்டீன் கேட்கவில்லை. எலும்பைத் தட்டில் தட்டி உள்ளே இருந்த மஜ்ஜையை உறிஞ்ச அப்பா அவனுக்குக் காட்டிக் கொடுத்தார். கரிபூ வேட்டைக்காரர்களும் இதைத்தான் செய்தார்கள் என்று நான் தொடங்க, அம்மா குக்கரைத் தேடினார்.

சாப்பிட்டு முடிந்ததும் தட்டுகளைத் தம்பி வழித்துப் பழுப்புத் தொட்டியில் கொட்டினான். உங்களுக்கு இது தெரியாது: இங்கே சாப்பாட்டுக் கழிவுக்குத் தனித் தொட்டி, எலும்பும் அதற்குள்தான். கிழமைக்கு ஒருமுறை நகரசபை லொறி வந்து அள்ளிக்கொண்டு போகும். அப்போதுதான் எனக்கு உறைத்தது. நாங்கள் பங்கு வாங்கினோம், சமைத்தோம், வயிறாரச் சாப்பிட்டோம். ஆனால் யாராவது பிற்காலத்தில் எங்கள் வீட்டைத் தோண்டினால் அடுப்பு இருக்கும், சட்டி இருக்கும், எலும்பு ஒரு துண்டும் இருக்காது. யாரோ ஒரு துடியான பெட்டை, இவர்களுக்கு ஒருவரும் கொடுக்கவில்லை என்று எழுதுவாள்.

தொட்டிக்குள் கையை விட்டு ஒரு எலும்பை எடுத்துக் கழுவினேன். இடது முன்னங்கால், முழங்காலுக்கு மேல். தம்பி, "அக்கா, விசரோ?" என்றான். நான் சிவம் மாமாவுக்குப் போன் எடுத்தேன்.

"மாமா, தீபாவளிக்கு உங்கட கூறில வலது முன்னங்கால் வந்ததோ? அந்த எலும்பு கிடக்கோ?"

"அது அண்டைக்கே திண்டு முடிஞ்சு லொறியிலையும் போட்டுது. ஏன் பிள்ளை?" அவருடைய குரலில் திடீரென்று ஒரு கவலை. "தந்தது காணாதோ? குறைஞ்சு போச்சோ?"

"காணும் மாமா" என்றேன்.